துரகிலேனிக்குப் பொருள் யாது?

சைக்கிள்கடைக்காரருக்கும் அந்தச் சொல்லுக்கும் எந்த மனத்தாங்கலும் இருந்ததில்லை. இரண்டு வருடமாக இருவரும் ஒரே கூரையின் கீழ்தான் பிழைத்துக்கொண்டிருந்தார்கள்.

மூடிப்போன ஓர் ஆலையின் தட்டுமுட்டுச் சாமான்களை ஏலம் விட்டபோது அவர் பழைய போல்ட்டு நட்டு இரண்டு மூட்டை எடுத்தார். ஏலக்காரன், "இதையும் தூக்கிட்டுப் போங்கண்ணே, எனக்கு இடம் காலியாகட்டும்" என்று ஒரு நீல டிரம்மையும் அவர் தலையில் கட்டிவிட்டான். திறந்து பார்த்தால் உள்ளே வெள்ளை வெள்ளையாகச் செதில்கள். ஒரு கரண்டி அள்ளி வாளித் தண்ணீரில் போட்டால் அடுப்பில்லாமலே தண்ணீர் சுடும். பத்து வருடத்துப் பிசுக்கு ஏறிய சங்கிலியைக் கம்பியில் கோத்து அதில் தொங்கவிட்டு, ஒரு டீ குடித்துவிட்டு வந்தால், சங்கிலி கல்யாண மாப்பிள்ளை மாதிரி பளபளவென்று வெளியே வரும். கையில் பட்டால் எரியும் என்பதால் கரண்டிக்கு முழ நீளத்தில் காம்பு வைத்திருந்தார். அவருக்குத் தெரிந்த வேதியியல் அதோடு முடிந்தது.

டிரம்மின் வயிற்றில் கறுப்பு மையில் 'துரகிலேனி' என்று எழுதியிருந்தது. அவர் அதை ஒரு நாளும் வாசித்ததில்லை. வாசித்தவர் பாதுகாப்பு ஆய்வாளர்.

ஆய்வாளர் நல்ல மனிதர். கடையின் கூரைத் தகரம் ஆணி கழன்று தலைக்கு மேல் ஆடிக்கொண்டிருந்ததை அவர் ஒரு பொருட்டாகவே எடுத்துக்கொள்ளவில்லை. தன் பதிவேட்டில் இருக்கும் இரண்டு பத்திகளை நிரப்பினால் போதும் என்று நினைக்கிறவர். முதல் பத்தி 'வேதிப்பொருளின் பெயர்'. இரண்டாம் பத்தி 'பெயரின் பொருள்'.

"இது என்னய்யா, துரகிலேனி?"

"சங்கிலி கழுவுறதுக்கு சார்."

"என்னத்துக்குன்னு கேக்கல. என்னன்னு கேட்டேன்."

"வெள்ளையா இருக்கும் சார். தண்ணியில போட்டா சுடும்."

ஆய்வாளர் பேனாவை மூடினார். "பொருள் தெரியாத பெயரை வச்சுக்கிட்டு நீங்க தொழில் நடத்தக் கூடாது. வேதிச்சொல் நிறுவனத்துல இருந்து இந்தச் சொல்லுக்குப் பொருள் எழுதி, முத்திரை வச்ச கடிதம் வாங்கிட்டு வாங்க. அதுவரைக்கும் கடைக்கு சீல்."

"உள்ளே பதினாலு சைக்கிள் இருக்கு சார். எல்லாம் அடுத்தவங்களுது."

"சைக்கிளுக்குப் பொருள் தெரியும். அதைப்பத்திக் கவலைப்படாதீங்க" என்று ஆறுதல் சொல்லிவிட்டு, அரக்கு உருக்கி, பதினாலு சைக்கிளையும் சேர்த்துப் பூட்டி முத்திரை வைத்துவிட்டுப் போனார்.

மறுநாள் காலையிலிருந்தே வீட்டு வாசலில் ஆள் சேர ஆரம்பித்தது. தபால்காரர் மூட்டையைத் தோளில் சுமந்தபடி வந்து நின்றார். ஆஸ்பத்திரி நர்ஸ், "நாலு மைல் நடந்துபோய் நான் அடுத்தவங்களுக்குக் காலு பிடிச்சு விடணுமா?" என்று கேட்டார். சைக்கிள்கடைக்காரருக்குப் பதில் தெரியவில்லை. அவர் மனைவிக்குத் தெரிந்தது.

"இங்கே நின்னு தலையைச் சொறிஞ்சா பொருள் உதிருமா? போய்க் கேட்டுட்டு வாங்க. ஒரு வார்த்தைதானே."

ஒரு வார்த்தைதானே என்றுதான் அவரும் நினைத்துப் போனார்.

வேதிச்சொல் நிறுவனம் மூன்று மாடிக் கட்டடம். கீழ்த்தளத்தில் 'பொருள் பிரிவு', முதல் மாடியில் 'மூலப் பிரிவு', இரண்டாம் மாடியில் இயக்குநர். பொருள் பிரிவில் ஒரு எழுத்தர் உட்கார்ந்து, ஏற்கெனவே சீவியிருந்த பென்சில்களை மறுபடி சீவிக்கொண்டிருந்தார். அவர் நீட்டிய விண்ணப்பத்தில் ஏழாவது கேள்வி: 'சொல்லின் பொருள் (விண்ணப்பதாரர் கட்டாயம் நிரப்ப வேண்டும்)'.

"அதைத் தெரிஞ்சுக்கத்தானே நான் வந்ததே?"

"பொருள் இல்லாத சொல்லை நாங்க எப்படிப் பதிவு பண்றது? வெறும் பாத்திரத்தை யாராவது அடகு பிடிப்பாங்களா?"

சைக்கிள்கடைக்காரர் ரொம்ப நேரம் யோசித்து, 'தெரியாது' என்று எழுதிக் கொடுத்தார். எழுத்தர் அதை வாசித்து, திருப்தியோடு தலையாட்டி, பேரேட்டில் பதிந்தார். 'துரகிலேனி: தெரியாது.'

"இப்ப மாடிக்குப் போங்க. ஒரு சொல்லுக்கு மூலம் தெரிஞ்ச பிறகுதான் பொருள் சொல்ல முடியும். விதி பதினொண்ணு."

மூலப் பிரிவின் நடைபாதையில் பெஞ்சு காலியாகக் கிடந்தது. ஆனாலும் ஒரு லாரி டிரைவர் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றிருந்தார்.

"உக்காருங்களேன்" என்றார் சைக்கிள்கடைக்காரர்.

"உக்கார முடிஞ்சா நான் ஏன் இங்கே வர்றேன்? போர்டைப் பார்த்துட்டுத்தான் ஏறி வந்தேன். மூணு நாளாச்சு. ரத்தம் வருதான்னு ஒருத்தரும் கேக்க மாட்டேங்கிறாங்க. கிரேக்கமா லத்தீனான்னு கேக்கிறாங்க."

சைக்கிள்கடைக்காரர் அவரைக் கைத்தாங்கலாகக் கீழே கூட்டிப் போய் ஆஸ்பத்திரிக்கு வழி சொல்லி அனுப்பிவிட்டு வந்தார். அந்த நிறுவனத்தின் நாற்பத்திரண்டு வருட வரலாற்றில் வந்த காரியம் முடிந்து போன முதல் ஆள் அந்த டிரைவர்தான்.

மூலப் பிரிவில் மூன்று அறிஞர்கள். மூன்று பேருக்கும் தனித்தனி அறை, தனித்தனிக் கொள்கை, நடுவில் பொதுவாக ஒரு மின்விசிறி. முதலாமவர் சொல்லைக் கேட்டதும் கண்ணை மூடிக்கொண்டார். "துரு. அகல். ஏனி. துரு அகன்று போக ஏதுவானது. தெளிந்த நீர்போல இருக்கிறது. ஏனி மட்டும்தான் உதைக்கிறது."

இரண்டாமவர் அதைக் கேட்டுச் சிரித்தார். "அவர் எதையெடுத்தாலும் உள்ளூர்லயே முடிச்சிருவார். இது கடல் தாண்டி வந்த சொல். துர்கில் என்று ஒரு விஞ்ஞானி இருந்திருக்கணும். லேனி அவர் மனைவி. ரெண்டு பேரும் சேர்ந்து கண்டுபிடிச்சிருக்காங்க."

"அப்படி ஒருத்தர் இருந்தாரா சார்?"

"இருந்ததுக்கு இந்தச் சொல்லே சாட்சி இல்லையா?"

மூன்றாமவர் வயதில் இளையவர், அதனால் துணிச்சல்காரர். கதவைச் சாத்திவிட்டுத் தாழ்ந்த குரலில் சொன்னார். "துரகம்னா குதிரை. இல் என்றால் வீடு. துரக இல் என்றால் குதிரை லாயம். மீதி என்ன? ஏன் நீ! 'குதிரை லாயத்தில் உனக்கென்ன வேலை?' இது பேரே இல்லைங்க. எச்சரிக்கை. கிட்ட வராதேன்னு எழுதி வச்சிருக்காங்க."

"கடைசியில சுழி வித்தியாசமா இருக்கே?"

"குதிரை மேல உக்காந்து எழுதினா சுழி நேரா வருமா?"

அன்று மாலை சைக்கிள்கடைக்காரர் வீட்டுக்கு வந்தபோது, பூட்டிய கடைக்குள் தன் சைக்கிளும் மாட்டிக்கொண்ட வேதியியல் டீச்சர் அடுக்களையில் உட்கார்ந்திருந்தார். மனைவிதான் உட்காரவைத்திருந்தாள். தொட்டிக் குழாய் அடைத்துக்கொண்டால் போடுவதற்காக அந்த வெள்ளைச் செதிலில் ஒரு டப்பா அவள் எப்போதோ கடையிலிருந்து கொண்டுவந்து பரணில் வைத்திருந்தாள். இப்போது அது மேசைமேல் இருந்தது.

டீச்சர் கரண்டியால் ஒரு செதிலை எடுத்துத் தண்ணீரில் கரைத்தார். சிவப்பு லிட்மஸ் தாள் ஒன்றை நனைத்தார், நீலமாகியது. வினிகரை இரண்டு சொட்டு விட்டார், நுரைக்கவில்லை. சமையலறை அலுமினியத் தாளைக் கிள்ளிப் போட்டார். அது சீறிக்கொண்டு கரைந்தது.

"காஸ்டிக் சோடா" என்றார் டீச்சர். "சோப்புக் கம்பெனிக்காரங்க மூட்டை மூட்டையா வாங்குறது. கண்ணுல பட்டா பார்வை போயிடும், ஈரக் கையில பட்டா தோலைத் தின்னுடும். பட்டுடுச்சுன்னா செதிலைத் தட்டிவிட்டுட்டு, ஓடுற தண்ணியில கால் மணி நேரம் பிடிக்கணும். இனிமே கையுறை இல்லாம தொடாதீங்க. அம்மா, நீங்களும்தான்."

எல்லாம் முடிய ஒரு டீ ஆறும் நேரம் ஆகியிருக்கும். சைக்கிள்கடைக்காரருக்குத் தலையிலிருந்து பெரிய பாரம் இறங்கிய மாதிரி இருந்தது. தன் சந்தோஷத்தை அடுத்த நாள் காலை பத்து மணிக்குப் பொருள் பிரிவில் கொண்டுபோய் இறக்கினார்.

"சார், பொருள் தெரிஞ்சுபோச்சு. காஸ்டிக் சோடா!"

எழுத்தரின் முகம், வீட்டுக்குள் செருப்போடு வந்தவனைப் பார்த்ததுபோல மாறியது. "நீங்க எந்தப் பொருளைச் சொல்றீங்க?"

"டிரம்முக்குள்ள இருக்கிற பொருள் சார்."

"அது சரக்கு. இங்கே நாங்க சரக்கைப் பார்க்கிறதில்லை. சொல்லோட பொருளை மட்டும்தான் பார்க்கிறோம். உங்க டிரம்முல நாளைக்கு நீங்க அரிசி கொட்டி வச்சா துரகிலேனின்னா அரிசின்னு ஆயிடுமா?"

சைக்கிள்கடைக்காரர் யோசித்துப் பார்த்தார். கேள்வியில் ஏதோ நியாயம் இருப்பது போலவும் இருந்தது. அதுதான் அவருக்குப் பயமாக இருந்தது.

அவருடைய மனுவால் ஒரு நன்மை விளைந்தது. நிறுவனத்துக்குப் பல வருடங்களாக வேலையே இல்லாமல் இருந்தது. இப்போது ஒரு சொல் கிடைத்தது. மூன்று அறிஞர்களும் ஆளுக்கொரு கட்டுரை எழுதினார்கள், ஒருவர் கட்டுரைக்கு இன்னொருவர் மறுப்பு எழுதினார், மறுப்புக்கு வருத்தம் தெரிவித்து மூன்றாமவர் எழுதினார். நாற்பதாம் நாள் 'துரகிலேனி: சில சிந்தனைகள்' என்று ஒரு கருத்தரங்கம் ஏற்பாடாயிற்று. அழைப்பிதழில் சைக்கிள்கடைக்காரரின் இடம், 'சொல்லை நேரில் கண்டவர்'.

இந்த நாற்பது நாளில் தபால்காரருக்கு ஒரு தோள் இறங்கிவிட்டது. நர்ஸ் வேலைக்குப் போகிற வழியில் சைக்கிள்கடைக்காரர் வீட்டு வாசலில் ஒரு நிமிடம் நின்று, ஒன்றும் பேசாமல் பார்த்துவிட்டுப் போவதை வழக்கமாக்கிக்கொண்டார். திட்டியிருந்தாலும் தேவலை. மனைவி தையல் மிஷினைத் தூசி தட்டி எடுத்து, தெருவில் உள்ளவர்களின் கிழிசலைத் தைத்து உலை வைத்தாள். ஒரு வார்த்தைகூட அவரைக் குத்திக் காட்டவில்லை. அதுவும் அவருக்குத் தாங்கவில்லை.

கருத்தரங்கத்தை இயக்குநர் தொடங்கிவைத்தார். அவர் மேடையேறும்போது படி ஆடவில்லை. படிக்குக் கீழே தடித் தடியாகப் புத்தகக் கட்டுகள் முட்டுக்கொடுத்திருந்தன.

"நம் நிறுவனம் பிறந்து நாற்பத்திரண்டு ஆண்டுகள் ஆகின்றன" என்றார் இயக்குநர். "இந்த நாற்பத்திரண்டு ஆண்டுகளில் ஒரே ஒரு சொல்லுக்காவது நாம் தவறான பொருள் சொன்னோம் என்று எவராவது நிரூபிக்க முடியுமா? முடியாது. ஏன்? அவசரப்பட்டு நாம் எதற்குமே பொருள் சொன்னதில்லை!"

கைத்தட்டல் அடங்க வெகுநேரமாயிற்று.

"பொருள் சொல்வது எளிது. கடைத்தெருவில் எவன் வேண்டுமானாலும் சொல்வான். பொருள் சொல்லாமல் இருப்பதற்குத்தான் கல்வி வேண்டும், கட்டடம் வேண்டும், பணியாளர்கள் வேண்டும். நம்மிடம் அறுபத்து மூன்று பணியாளர்கள் இருக்கிறார்கள். இன்னும் முப்பது பேர் இருந்தால் இதைவிடச் சிறப்பாகச் சொல்லாமல் இருக்கலாம்."

பிறகு அறிஞர்கள் பேசினார்கள். துரு அகன்றது. துர்கிலும் லேனியும் மணந்துகொண்டார்கள். கேள்வி நேரத்தில் பிரிந்தார்கள். குதிரை லாயத்துக்காரர் பேசும்போது இரண்டு பேர் எழுந்து வெளிநடப்புச் செய்தார்கள், டீ வந்துவிட்டதென்று அறிந்து. கடைசியாக ஒரு ஆராய்ச்சி மாணவி எழுந்து, "மக்கள் வழக்கில் இச்சொல்லுக்குத் 'தெரியாது' என்ற பொருள் உண்டு, நம் பேரேட்டிலேயே சான்று இருக்கிறது" என்று வாசித்தபோது, சைக்கிள்கடைக்காரர் தம் கையெழுத்தைத் திரையில் பெரிதாகப் பார்த்தார்.

தண்ணீர் குடிக்க வெளியே வந்தார்.

நடைபாதையில் தட்டச்சு அம்மா நின்றிருந்தார். நிறுவனம் தொடங்கிய நாளிலிருந்து அங்கே இருப்பவர். இன்னும் இரண்டு மாதத்தில் ஓய்வு. அவர் பேசி யாரும் கேட்டதில்லை. அவர் மிஷின் சத்தம்தான் கேட்கும். முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு சுற்றுமுற்றும் பார்த்தார்.

"தம்பி, உங்க சம்சாரம் தையல் தைக்குதாமே? உங்க கடை பூட்டி நாப்பது நாளாச்சாமே?"

"ஆமாங்கம்மா."

"எனக்கு ராத்திரி தூக்கமே இல்லை தம்பி. அந்தச் சொல்லு நான் பண்ணது."

சைக்கிள்கடைக்காரருக்குக் குடித்த தண்ணீர் புரையேறியது.

"முதல் இயக்குநர் ஒருத்தர் இருந்தார். மகா கோபக்காரர். அவர் கையெழுத்தைப் பார்த்தா மழையில நனைஞ்ச எறும்பு ஊர்ந்து போன மாதிரி இருக்கும். அவர்தான் உக்காந்து எல்லாத்துக்கும் புதுப் பேர் வச்சார். எழுதினதை என்கிட்ட தூக்கிப் போடுவார். இந்த ஒண்ணு மட்டும் எனக்குப் படிக்கவே வரலை. அவர்கிட்ட போய்க் கேட்டா கத்துவார். நான் அப்ப வேலைக்குச் சேர்ந்து ரெண்டே வாரம். கண்ணுக்குத் தெரிஞ்ச மாதிரி அடிச்சு வச்சுட்டேன். து, ர, கி, லே, னி. அவரும் பார்த்துட்டு, 'ம்' அப்படின்னு கையெழுத்துப் போட்டுட்டார்."

"அவர் என்னதான் எழுதியிருந்தாரு?"

"அவருக்கே தெரிஞ்சிருக்காது தம்பி. அகராதியா அச்சடிச்சு எல்லா ஆலைக்கும் அனுப்பினாங்க, இனிமே இந்தப் பேரைத்தான் எழுதணும்னு. யாரும் எழுதலை. ஒரே ஒரு ஆலைக்காரன் பயந்துபோய் எழுதினான். அவனும் மூடிட்டான்."

"அந்த அகராதி இப்ப எங்கேம்மா?"

தட்டச்சு அம்மா திறந்திருந்த கதவு வழியே மேடைப் படியைக் கண்ணால் காட்டினார். பிறகு சைக்கிள்கடைக்காரரின் கையைப் பிடித்துக்கொண்டார். விரல் நுனிகள் நாற்பத்திரண்டு வருடம் தட்டித் தட்டித் தட்டையாகியிருந்தன. "அகராதியைக் காட்டுங்க தம்பி. என்னைக் காட்டிடாதீங்க. ரெண்டு மாசம்."

சைக்கிள்கடைக்காரர் உள்ளே போனார். 'சொல்லை நேரில் கண்டவர்' பேசுவார் என்று அறிவித்துக்கொண்டிருந்தார்கள். அவர் மேடையில் ஏறவில்லை. குனிந்து, படிக்கு அடியிலிருந்து ஒரு புத்தகக் கட்டை உருவினார். படி சாய்ந்தது. மூலப் பிரிவு முழுதும் எழுந்து நின்றது.

"என்ன செய்கிறீர்கள்! அவை நம் வெளியீடுகள்!" என்று கத்தினார் இயக்குநர். "பிரிக்கக் கூடாது!"

அதற்குள் சைக்கிள்கடைக்காரர் சங்கிலி கழற்றும் கையால் கட்டைப் பிரித்து, தகர வரிசையில் தேடி விரலை வைத்துவிட்டார்.

"இதோ இருக்கு சார். 'துரகிலேனி: காண்க, வன்சாரிகை.'"

இயக்குநரே இறங்கி வந்து, வகர வரிசையைப் புரட்டினார். சத்தமாக வாசித்தார்.

"வன்சாரிகை: காண்க, துரகிலேனி."

'செத்தோம்' என்று நினைத்தார் சைக்கிள்கடைக்காரர். ஆனால் இயக்குநர் கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"எவ்வளவு நிறைவான விளக்கம்! வெளியிலிருந்து ஒரு துளி உதவி இல்லை. அன்பர்களே, இச்சொல்லுக்கு மூலம் நாமே! பொருளும் நாமே! நம்மை நாமே தேடி நாமே கண்டடைந்திருக்கிறோம்!"

துருவும் லேனியும் குதிரையும் கட்டித் தழுவிக்கொண்டார்கள். "இந்தச் சொல்லை உருவாக்கிய மேதை யார்?" என்று யாரோ கேட்டார்கள். கடைசி வரிசையில் தட்டச்சு அம்மா தலையைக் குனிந்துகொண்டார். சைக்கிள்கடைக்காரர் தனக்கு எதுவும் தெரியாது என்று சொல்லிவிட்டார். அவர் தெரியாது என்றால் நம்புவதற்கு அவர்களிடம் பேரேட்டுச் சான்று இருந்தது.

அன்று மாலையே கடிதம் கைக்கு வந்தது. முத்திரை மூன்று, கையெழுத்து ஒன்பது, வாசகம் ஒரு வரி: 'துரகிலேனி என்பது வன்சாரிகையே எனச் சான்றளிக்கப்படுகிறது.'

மறுநாள் காலை கடை வாசலில் திருவிழாக் கூட்டம். தபால்காரர், நர்ஸ், டீச்சர், இன்னும் பதினொரு பேர். ஆய்வாளர் கடிதத்தை இரண்டு முறை வாசித்தார். பதிவேட்டைத் திறந்தார். முதல் பத்தியில் துரகிலேனி. இரண்டாம் பத்தியில் வன்சாரிகை. எழுதி முடித்ததும் அவர் முகத்தில் பால் குடித்த பூனையின் நிம்மதி.

"பாத்தீங்களா? எவ்வளவு லேசா முடிஞ்சிருச்சு. இதுக்குப் போய் இத்தனை நாள் இழுத்துட்டீங்களே."

"சார், அது காஸ்டிக் சோடா சார். நீங்க ஒரு பக்கமா அதையும் எழுதி வச்சுக்கிட்டீங்கன்னா..."

"அதெல்லாம் வேண்டாம். பத்தி ரெண்டுதான் இருக்கு, ரெண்டும் நிரம்பிருச்சு." அவர் அரக்கை உடைத்தார், கதவைத் தள்ளினார், நேரே டிரம்மிடம் போனார். "மாதிரி ஒரு கைப்பிடி எடுத்துக்கணும். சான்றிதழ் கிடைச்ச சரக்குதானே."

"சார், கை வைக்காதீங்க! கரண்டி, கரண்டி!"

வெயில் நாள். ஆய்வாளரின் உள்ளங்கை வேர்த்திருந்தது. கை நிறைய அள்ளிவிட்டார். ஒரு நொடி ஒன்றுமில்லை. அப்புறம் அவர் போட்ட சத்தத்தில் கூரைத் தகரத்தின் மீதி ஆணியும் கழன்றது.

"ஐயோ! எரியுதே! என்னய்யா இது?"

"வன்சாரிகை சார்" என்றாள் வாசலில் நின்ற மனைவி.

"அப்படின்னா?"

"துரகிலேனி."

"விளையாடாதீங்கம்மா! தோலு வழுக்குது! புரியுற மாதிரி சொல்லித் தொலைங்க, இது என்ன?"

சைக்கிள்கடைக்காரர் அதற்குள் பழைய துணியால் செதில்களைத் தட்டிவிட்டு, அவர் மணிக்கட்டைப் பிடித்து இழுத்துப்போய்க் குழாயடியில் உட்காரவைத்து, தண்ணீரை முழுதும் திறந்துவிட்டிருந்தார். குழந்தை கையைப் பிடிப்பது போலத்தான் பிடித்திருந்தார்.

"காஸ்டிக் சோடா சார்."

"அட, காஸ்டிக் சோடாவா! இதை முதல்லயே சொல்லியிருக்கக் கூடாதா?"

டீச்சர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். "பதினஞ்சு நிமிஷம். கையை வெளியே எடுக்கவே கூடாது." நர்ஸ் குனிந்து பார்த்து, பிழைத்துக்கொள்ளும் கைதான் என்று தலையசைத்துவிட்டு, தன் சைக்கிளை உருட்டிக்கொண்டு வெளியே போனார். அவர் பின்னால் தபால்காரர். அவர் பின்னால் மற்றவர்கள். தெரு முனைவரைக்கும் மணிச் சத்தம் கேட்டது.

ஆய்வாளருக்கு எரிச்சல் சற்று அடங்கியதும் கடமை நினைவுக்கு வந்தது. இடது கையால் பதிவேட்டை மடியில் இழுத்து வைத்துக்கொண்டு பரிதாபமாகப் பார்த்தார். "இப்ப ரெண்டாவது பத்தியை அடிச்சுட்டு மாத்தி எழுதணும் போலிருக்கே. அதுக்கு மறுபடியும் நிறுவனத்துல கேக்கணும். பேனா எங்கேய்யா?"

மனைவி பேனாவை எடுத்துத் தன் இடுப்பில் செருகிக்கொண்டாள்.

"எழுதுற கை இப்போதைக்குத் தண்ணியிலேயே இருக்கட்டும் சார். ஊருக்கும் அதுதான் நல்லது."